‘பரிசீலிக்க’ உத்தரவை வாங்கி ஏமாறாதீர்கள்: ஓய்வு பெற்ற பல்கலைக்கழக ஊழியர்களுக்கு எச்சரிக்கை

அரசுப் பல்கலைக்கழகத்தில் ஓய்வு பெற்று, பணிக்கொடையும் ஈட்டிய விடுப்புச் சம்பளமும் வராமல் பதிவாளர் அலுவலகத்துக்கு நடையாய் நடப்பவர்கள், ரிட் மனுவில் (அரசு அமைப்புக்கு உத்தரவிடும்படி உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) கையெழுத்துப் போடும் முன் அதன் கடைசிப் பத்தியைப் படியுங்கள்.

“மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலித்து முடிவெடுக்க உத்தரவிட வேண்டும்” என்று இருந்தால் அங்கேயே நிறுத்துங்கள். இந்த மனுவைப் பல்கலைக்கழகத் தரப்பு பெரும்பாலும் எதிர்ப்பதே இல்லை. எட்டு வாரமோ பன்னிரண்டு வாரமோ கெடு விதித்து வழக்கு முடிந்துவிடும். கெடு முடிகிற நேரத்தில் ஒரு கடிதம் வரும்: “பரிசீலிக்கப்பட்டது, நிதிநிலை சீரானதும் மூப்பு வரிசைப்படி வழங்கப்படும்.” நீதிமன்றம் பரிசீலிக்க மட்டுமே சொன்னதால் அந்தக் கடிதத்தோடு உத்தரவு நிறைவேறிவிட்டது. உத்தரவை மீறினார்கள் என்று நீதிமன்ற அவமதிப்பு மனு போட்டாலும் நிற்காது. மறுபடி ரிட், மறுபடி வக்கீல் கட்டணம். எழுபதை நெருங்கும் ஒருவருக்கு இது பெரிய கொடுமை. கோரிக்கை மனுவுக்கு வரும் பதில் பழைய உரிமைக்குப் புது உயிர் தராது என்று சி. ஜேக்கப் வழக்கில் 2008இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே மனு மேல் மனு கொடுத்துக் காலத்தைக் கடத்தாதீர்கள்.

கேட்க வேண்டியது பணத்தை. பணிக்கொடை இவ்வளவு, விடுப்புச் சம்பளம் இவ்வளவு, கம்யூட்டேஷன் (ஓய்வூதியத்தில் ஒரு பகுதிக்கு ஈடாக மொத்தமாகத் தரும் தொகை) இவ்வளவு என்று தனித்தனியாக எழுதி, உரிய நாளிலிருந்து வட்டியும் கேளுங்கள். இவை கருணையில் கொடுப்பவை அல்ல, தாமதித்தால் வட்டி தர வேண்டும் என்பது உச்ச நீதிமன்றத்தில் 1984இல் பத்மநாபன் நாயர் வழக்கிலேயே தீர்ந்த விஷயம். “நிதி இல்லை” என்பார்கள். கொரோனா காலத்தில் ஆந்திர அரசு சம்பளத்தையும் ஓய்வூதியத்தையும் தள்ளிவைத்த வழக்கில், 2021இல் உச்ச நீதிமன்றம் 12 சதவீத வட்டியை 6 ஆகக் குறைத்ததே தவிர, வட்டியே வேண்டாம் என்று சொல்லவில்லை.

பல்கலைக்கழகத்தை மட்டும் எதிர்மனுதாரராகச் சேர்த்தால் “அரசு மானியம் வரவில்லை” என்று கை விரிக்கும். உயர்கல்வித் துறைச் செயலாளரையும் சேருங்கள். தணிக்கைத் தடை (கணக்குத் தணிக்கையில் எழுப்பிய ஆட்சேபம்) என்று காரணம் காட்டினால், அதன் நகலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள்; 30 நாளில் பதில் தர வேண்டும். உங்களுக்குப் பின் ஓய்வு பெற்றவர்களில் எத்தனை பேருக்குப் பணம் போயிருக்கிறது என்றும் அதிலேயே கேளுங்கள். வரிசை மீறல் தெரிந்தால் அது வலுவான ஆவணம். தடை ஓர் ஊதிய உயர்வைப் பற்றியது மட்டும் என்றால், மீதித் தொகையை உடனே விடுவிக்கக் கோரலாம்.

உத்தரவில் கெடு பெரும்பாலும் ‘நகல் கிடைத்த நாளிலிருந்து’ ஓடும். சான்றிட்ட நகலை ஒப்புகையுடன் தபாலில் அனுப்பி, அந்த ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். கெடு தவறினால் ஓராண்டுக்குள் அவமதிப்பு மனு போட்டாக வேண்டும். “அடுத்த மாதம் வந்துவிடும் சார்” என்ற பேச்சை நம்பியே அந்த ஓராண்டைப் பலர் இழக்கிறார்கள்.

அசலைத் தரும்போது “முழுத் தொகையும் பெற்றேன், வேறு கோரிக்கை இல்லை” என்று அச்சடித்த தாளை நீட்டுவார்கள். “வட்டி கோரும் உரிமைக்குப் பங்கமின்றிப் பெற்றுக்கொள்கிறேன்” என்று கையால் எழுதி, தேதி போட்டுக் கையெழுத்திடுங்கள். படம் எடுத்துக்கொண்ட பிறகே தாளைத் திருப்பிக் கொடுங்கள்.