‘எது குறைவோ அது’ போன பிறகு: நுகர்வோர் மேல்முறையீட்டு டெபாசிட், அன்றும் இன்றும்

மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் வழக்கு ஜெயித்தவருக்கு அடுத்த கவலை, எதிர்த்தரப்பு அப்பீல் போகுமா என்பதுதான். போகலாம். ஆனால் கையை வீசிக்கொண்டு போக முடியாது, முதலில் பணம் கட்ட வேண்டும். எவ்வளவு என்பதில்தான் பழைய சட்டமும் புதிய சட்டமும் பிரிகின்றன.

1986 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் 2002 திருத்தத்துக்குப் பிறகு இருந்த விதி இது: மாநில ஆணையத்துக்கு அப்பீல் போனால் உத்தரவிட்ட தொகையில் பாதி, அல்லது 25,000 ரூபாய், இரண்டில் எது குறைவோ அது. தேசிய ஆணையத்துக்குப் போனால் உச்சவரம்பு 35,000, உச்ச நீதிமன்றத்துக்கு 50,000. 2019 சட்டம் (நடைமுறைக்கு வந்தது 2020 ஜூலை 20) அந்த ‘எது குறைவோ அது’ என்ற வாசகத்தையே எடுத்துவிட்டது. மூன்று படியிலும் இப்போது நேராகப் பாதித் தொகை.

கணக்குப் போட்டால்தான் இதன் கனம் புரியும். 40,000 ரூபாய் இழப்பீடு என்றால் மாநில ஆணையத்தில் அன்றும் 20,000, இன்றும் 20,000. 50,000 வரை மாற்றமே இல்லை. 10 லட்சம் என்றால் அன்று 25,000, இன்று 5 லட்சம். 25,000 ரூபாய் ஒரு பெரிய நிறுவனத்துக்கு வக்கீல் செலவோடு போகிற தொகை. நுகர்வோரைச் சில வருடம் இழுத்தடிக்க அது மலிவான வழியாக இருந்தது. புதிய விதி அந்த வழியை அடைத்தது சரி என்றே நினைக்கிறேன். இழப்பீடு போதவில்லை என்று நுகர்வோரே அப்பீல் போனால் டெபாசிட் கிடையாது. பணம் கொடுக்க வேண்டியவருக்கு மட்டும்தான் இந்த நிபந்தனை.

மற்ற சட்டங்களோடு வைத்துப் பார்ப்போம். மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டில் இன்னும் பழைய பாணிதான்: 25,000 அல்லது பாதி, எது குறைவோ அது. வீடு, மனை விற்பனையை ஒழுங்குபடுத்தும் ரெரா சட்டம் இன்னும் கடுமை. வீடு வாங்கியவருக்குப் பணம் கொடுக்கச் சொன்ன உத்தரவை எதிர்த்து பில்டர் போனால், வட்டியும் இழப்பீடும் சேர்த்து முழுத் தொகையையும் கட்ட வேண்டும். வங்கிக் கடன் மீட்புக்கான சர்ஃபாசி சட்டத்திலும் பாதிதான், ஆனால் தீர்ப்பாயம் காரணம் சொல்லி அதைக் கடன் தொகையில் 25 சதவீதமாகக்கூடக் குறைக்கலாம். நுகர்வோர் சட்டத்தில் அந்த நெகிழ்வு இல்லை. 2021 டிசம்பரில் மனோகர் இன்ஃப்ராஸ்ட்ரக்சர் வழக்கில், தேசிய ஆணையத்துக்குப் போகும் அப்பீலில் பாதித் தொகை கட்டாயம் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. எனக்கு இங்கே ஒரு குறை உண்டு. பெரிய பில்டரும் சின்னக் கடைக்காரரும் ஒரே தராசில் நிற்கிறார்கள். நியாயமான வாதம் இருந்தும் பாதித் தொகையைப் புரட்ட முடியாதவருக்கு, சர்ஃபாசியில் உள்ளதுபோல ஒரு சிறு வாசல் வைத்திருக்கலாம்.

அப்புறம், எந்தச் சட்டம் பொருந்தும்? அப்பீல் போட்ட தேதியை வைத்துப் பலர் குழம்புகிறார்கள். புகார் கொடுத்த தேதியைப் பாருங்கள். 2020 ஜூலை 20-க்கு முன் கொடுத்த புகார்களுக்குப் பழைய டெபாசிட் விதியே பொருந்தும் என்று 2022-இல் இசிஜிசி வழக்கில் தீர்ப்பானது.

ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்ல வேண்டும். டெபாசிட் கட்டியதும் உத்தரவு தானாக நின்றுவிடாது. அது அப்பீலைக் கேட்பதற்கான நுழைவு நிபந்தனை. உத்தரவை நிறுத்திவைக்கத் தனியாக ஸ்டே வாங்க வேண்டும். அதற்கு பாதிக்கு மேலும், ஏன் முழுத் தொகையையும்கூட, கட்டச் சொல்லலாம். காரணத்தை எழுதினால் போதும் என்று மனோகர் தீர்ப்பே சொல்கிறது. எனவே “நாங்கள் அப்பீல் போட்டுவிட்டோம்” என்று எதிர்த்தரப்பு சொன்னால், ஸ்டே உத்தரவின் நகலைக் கேளுங்கள். அவர்களிடம் அது இல்லையென்றால் 2019 சட்டத்தின் 71, 72-ஆம் பிரிவுகளின் கீழ் உத்தரவை நிறைவேற்றக் கோரி நீங்கள் மனுப் போடலாம்.