உட்கார இடம் கிடைத்துவிட்டது, எடுத்துப் போகப் புத்தகம்? தமிழ்நாட்டுப் பொது நூலகங்கள்: நீண்ட காலப் பயன்பாட்டுப் பார்வை

தமிழ்நாட்டுப் பொது நூலகங்களைத் தொடர்ந்து பயன்படுத்துகிறவர்கள் கடந்த பதினைந்து ஆண்டுகளில் கண்கூடாகப் பார்த்த மாற்றம் ஒன்று: உட்கார்ந்து படிக்க இடம் கிடைத்திருக்கிறது. 2010 செப்டம்பர் 15 அன்று சென்னை கோட்டூர்புரத்தில் அண்ணா நூற்றாண்டு நூலகம் திறக்கப்பட்டது. 2023 ஜூலை 15 அன்று மதுரையில் கலைஞர் நூற்றாண்டு நூலகம் வந்தது. நகராட்சிகளும் மாநகராட்சிகளும் ‘நூலகம் மற்றும் அறிவுசார் மையம்’ என்ற பெயரில் ஊர் ஊராகக் கட்டடங்கள் எழுப்பியிருக்கின்றன. கொளத்தூர் ‘முதல்வர் படைப்பகம்’ ஒருபடி மேலே போய், மாணவர்களுக்குப் படிக்கும் கூடத்தையும் மடிக்கணினியோடு வேலை பார்க்கிறவர்களுக்குத் தனி இருக்கைகளையும் ஒரே கட்டடத்தில் வைத்திருக்கிறது.

இதெல்லாம் நல்ல வேலை, மனதாரப் பாராட்ட வேண்டிய வேலை. ஆனால் வீட்டுக்குப் புத்தகம் எடுத்துப் போகிற வாசகருக்கு, தெருமுனைக் கிளை நூலகத்தில், இதே அளவுக்கு மாற்றம் நடந்திருக்கிறதா என்றால் இல்லை. இந்த மதிப்பீடு முழுக்க அந்த இடைவெளியைப் பற்றியதுதான்.

இருக்கை

முன்பெல்லாம் பொது நூலகத்துக்குள் சொந்தப் புத்தகத்தோடு போக முடியாது. பையை வாசலிலேயே வைத்துவிட்டு, உள்ளே இருப்பதைத்தான் படிக்க வேண்டும். ‘சொந்த நூல் படிக்கும் பகுதி’ வந்ததும் நூலகத்துக்கு வருகிறவர்களின் முகமே மாறிவிட்டது. காலையில் கதவு திறக்கும்போது வரிசையில் நிற்பவர்களில் பெரும்பாலானோர் போட்டித் தேர்வர்கள். டிஎன்பிஎஸ்சி குரூப் 4 தேர்வின் 200 கேள்விகளில் 100 தமிழ். அதற்கு 6 முதல் 10ஆம் வகுப்பு வரையிலான தமிழ்ப் பாடநூல்களே அடிப்படை. அவை அவர்களிடமே இருக்கின்றன. வீட்டில் கிடைக்காதது ஒரு மேசை, மின்விசிறி, நல்ல வெளிச்சம், எட்டு மணி நேர அமைதி.

எனவே இந்த மையங்களை அந்த அளவுகோலில்தான் பார்க்க வேண்டும். வெளிச்சத்தில் தொடங்குவோம். படிக்கும் மேசையின் பரப்பில் குறைந்தது 300 லக்ஸ் வேண்டும் (லக்ஸ் என்பது வெளிச்சத்தின் அளவு). கைப்பேசியில் இலவச லக்ஸ் மீட்டர் செயலி போட்டு, கைப்பேசியை மேசைமேல் படுக்க வைத்தால் தோராயமாகத் தெரிந்துவிடும். புதிய கட்டடங்களில் இதற்குப் பெரும்பாலும் குறை இல்லை. பழைய கிளைகளில் விளக்கு அலமாரிகளுக்கு நேர் மேலே இருக்கும், மேசை நிழலில் கிடக்கும். விளக்கைக் கூட்ட வேண்டிய தேவையே இல்லை, மேசையை இரண்டடி நகர்த்தினாலே பாதிக் குறை தீரும்.

அடுத்தது பிளக் பாயின்ட். நான்கு இருக்கைக்கு ஒன்று என்று வைத்தால், ஒரே மாதத்தில் நடைபாதை முழுக்க எக்ஸ்டென்ஷன் வயர் ஓடும், யாராவது தடுக்கி விழுவார்கள். இருக்கைக்கு ஒன்று, மேசையின் விளிம்பிலேயே, 5 ஆம்பியர் போதும்.

எல்லா ஊரிலும் சண்டை வருவது இடம் பிடிப்பதில்தான். காலை எட்டு மணிக்கு நோட்டை வைத்துவிட்டுப் போனவர் பதினொரு மணிக்கு வருவார், அதுவரை இருவர் நின்றுகொண்டே திரும்பிப் போவார்கள். எளிய தீர்வு டோக்கன். நுழையும்போது இருக்கை எண் எழுதிய அட்டை, வெளியே போகும்போது அதைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். சாப்பாட்டுக்கு 45 நிமிட அனுமதி, அதைத் தாண்டினால் பொருள்கள் வரவேற்பு மேசைக்குப் போய்விடும். ஒருவர் இதைக் கவனமாகப் பார்த்துக்கொண்டால் போதும், மென்பொருள் தேவையில்லை. நண்பகல் உணவுக்கென்று தனி அறை ஒதுக்காத இடங்களில் வேறு சிக்கல் வரும்: சாப்பாட்டுப் பையோடு மேசையிலேயே உட்கார்வார்கள், எறும்பு வரும், பின்னாலேயே கரப்பான் வரும், அது புத்தக ஒட்டைத் தின்னும்.

பெண் தேர்வர்கள் எத்தனை பேர் தொடர்ந்து வருகிறார்கள் என்பதைத் தீர்மானிப்பவை கழிப்பறையும் மாலை நேரப் பேருந்தும். கட்டடம் எவ்வளவு அழகாக இருந்தாலும் தண்ணீர் வராத கழிப்பறை இருந்தால் பிற்பகல் இரண்டு மணிக்குப் பெண்கள் பகுதி காலியாகிவிடும். திறப்பு விழாவில் எல்லாம் பளிச்சென்று இருக்கும். ஆறு மாதம் கழித்துப் போய்ப் பார்ப்பதுதான் சரியான சோதனை.

அலமாரி

இனி விஷயத்தின் கனமான பக்கம். பழைய இருப்பு உள்ள நூலகங்களில் புத்தக முதுகில் ஒட்டிய சீட்டைக் கவனியுங்கள். ‘ஓ’ என்ற ஆங்கில எழுத்து, பிறகு 31, ஒரு காற்புள்ளி, 3 என்று இருந்தால் அது கோலன் பகுப்பு எண், அதாவது நூலகவியல் அறிஞர் எஸ்.ஆர். ரங்கநாதன் நூல்களைப் பொருள்வாரியாக அடுக்க உருவாக்கிய எண் முறை. ‘ஓ’ இலக்கியம், 31 தமிழ், 3 புனைகதை. கவிதைக்கு 1, நாடகத்துக்கு 2. அதற்கடுத்து வரும் ஆங்கில எழுத்தும் எண்ணும் ஆசிரியர் பிறந்த ஆண்டைக் குறிக்கும். ‘என்’ என்றால் 1900களில் பிறந்தவர், ‘எம்’ என்றால் 1800களில். 1934இல் பிறந்த ஜெயகாந்தனுக்கு ‘என் 34’. அதாவது அந்த அலமாரியில் ஆசிரியர்கள் அகர வரிசையில் இல்லை, பிறந்த ஆண்டு வரிசையில் நிற்கிறார்கள். இது தெரியாதவர் தேடித் தேடி அலுத்துப் போவார். தெரிந்தவர் அரை நிமிடத்தில் எடுத்துவிடுவார். அலமாரி ஓரத்தில் ஆசிரியர் பெயரும் எண்ணும் கொண்ட ஒரு பக்க அட்டையை ஒட்டினால் எல்லோருக்கும் இது எளிதாகும். அதற்கு ஆகும் செலவு ஒரு அச்சுத் தாள். டூயி தசம எண் முறை என்ற இன்னொரு பகுப்பு முறையில் எண் போட்ட நூலகம் என்றால் தமிழ்ப் புனைகதை 894.8113இல் இருக்கும்.

எண் சரியாக இருந்தும் புத்தகம் கிடைக்காமல் போக இரண்டு காரணங்கள். ஒன்று, ஒரே தட்டில் முன்னும் பின்னுமாக இரட்டை வரிசை. பின்வரிசையில் போன புத்தகம் யார் கையிலும் படாது, கையில் படாததால் ‘யாரும் கேட்பதில்லை’ என்று கணக்காகும். இரண்டு, பூட்டிய பீரோ. நல்ல புத்தகங்கள், தொகுதி நூல்கள், விலை கூடியவை எல்லாம் கண்ணாடிக்குப் பின்னால் இருக்கும், சாவி நூலகரிடம் இருக்கும்.

இதற்கு நூலகரை மட்டும் குறை சொல்வது நியாயமில்லை. இருப்புச் சரிபார்ப்பில் புத்தகம் குறைந்தால் தன் தலையில் விழும் என்ற பயம் அவருக்கு உண்டு. புத்தகம் தொலையாமல் இருக்க ஒரே வழி யாருக்கும் கொடுக்காமல் இருப்பது என்று ஆகிவிடுகிறது. மத்திய அரசின் பொது நிதி விதிகள் 2017, விதி 215 இதற்கு ஒரு தெளிவான வழி வைத்திருக்கிறது: ஓர் ஆண்டில் இரவல் கொடுத்த அல்லது பார்வைக்கு எடுத்த 1,000 நூல்களுக்கு 5 நூல் வரை தொலைவதை இயல்பான இழப்பாகக் கொள்ளலாம், நேர்மையின்மையோ கவனக்குறைவோ இல்லாதவரை. 1,000 ரூபாய்க்கு மேற்பட்ட நூலும் அரிய நூலும் தொலைந்தால் மட்டும் கட்டாய விசாரணை. மத்திய அரசு நூலகங்களுக்கான விதி இது. இதே மனப்போக்கோடு கிளை நூலகத்துக்கும் எழுத்தில் ஒரு வரம்பு கிடைத்தால், பல பீரோக்களின் பூட்டு தானாகத் திறக்கும். எந்தப் புதுக் கட்டடத்தைவிடவும் வாசகருக்கு இது அதிகப் பயன் தரும் என்பது எங்கள் உறுதியான கருத்து.

பூட்டிய இரும்பு பீரோவுக்கு இன்னொரு தீங்கும் உண்டு. ஈரப்பதம் 65 சதவீதத்துக்கு மேல் நீடித்தால் பூஞ்சை பிடிக்கும். கடலோர ஊர்களில் ஐப்பசி, கார்த்திகையில் அது சர்வ சாதாரணம். காற்றுப் புகாத பீரோவில் முதலில் சுவரை ஒட்டிய தட்டு கெடும். பீரோவைச் சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளி வைத்து, அடித்தட்டைத் தரையிலிருந்து அரை அடி உயர்த்தி, வாரம் ஒருமுறை கதவைத் திறந்துபோட்டால் பெரும்பகுதி காப்பாற்றலாம்.

வாங்கும் முறை

தமிழ்நாட்டின் பொது நூலகங்களுக்கு அடித்தளம் 1948ஆம் ஆண்டுப் பொது நூலகச் சட்டம். சொத்து வரியோடு ரூபாய்க்கு 10 காசு நூலக வரி. உள்ளாட்சி அமைப்பு வசூலித்து மாவட்ட நூலக ஆணைக்குழுவுக்குக் கொடுக்க வேண்டும். வீட்டு வரி ரசீதில் தனி வரியாகவே அச்சாகியிருக்கும், எடுத்துப் பாருங்கள். வசூலாகிற பணம் உரிய நேரத்தில் ஆணைக்குழுவுக்குப் போய்ச் சேராதபோது முதலில் நிற்பது புத்தகக் கொள்முதல். சம்பளத்தையும் மின் கட்டணத்தையும் நிறுத்த முடியாதல்லவா.

நெடுங்காலம் ‘நூலக ஆணை’ என்பது, அதாவது நூலகங்களுக்குப் புத்தகம் வாங்கும் உத்தரவு, மொத்தமாக வந்தது. சென்னையில் தேர்வு, மாநிலம் முழுக்க ஒரே பட்டியல். விலையும் பாரக் கணக்கில், அதாவது 16 பக்கத்துக்கு இவ்வளவு என்று. தாளும் கட்டும் எப்படி இருந்தாலும் தொகை ஒன்றே என்பதால் மட்டமான தாளில் நூலகப் பதிப்பு என்று தனியாக அச்சடித்துக் கொடுக்கும் வழக்கம் வளர்ந்தது. நான்கைந்து பேர் கை மாறியதும் கட்டுப் பிரிந்த புத்தகங்களை எல்லாக் கிளைகளிலும் பார்க்கலாம். தொகுதி நூல்களில் இரண்டாம் பாகம் மட்டும் வந்து, முதல் பாகம் வராமல் போனதும் இப்படித்தான். 2024இல் வந்த வெளிப்படையான நூல் கொள்முதல் கொள்கையில் பதிப்பாளர்கள் இணையத்தில் நூலைப் பதிவு செய்து போட்டியிடுகிறார்கள். இது சரியான திசை. இதன் பலன் கிளை நூலக அலமாரியில் தெரிய, அந்த ஊர் வாசகர் என்ன கேட்கிறார் என்பது தேர்வுக்குள் போக வேண்டும். நெசவு ஊருக்கும் மீனவ ஊருக்கும் ஒரே பட்டியல் பொருந்தாது.

கட்டடத்துக்கு வெளியே

2006க்குப் பிறகு அனைத்துக் கிராம அண்ணா மறுமலர்ச்சித் திட்டத்தில் ஊராட்சிதோறும் சிறு நூலகக் கட்டடம் எழுந்தது. அவற்றில் பல இன்று பூட்டியே கிடக்கின்றன. கட்டடச் செலவு ஒருமுறை, ஆளுக்குச் சம்பளம் மாதாமாதம். இரண்டாவதைச் சிறிய மதிப்பூதியத்தில் ஓட்டப் பார்த்ததுதான் காரணம். புதிய மையங்களைத் திட்டமிடுகிறவர்கள் இந்தக் கட்டடங்களை ஒருமுறை போய்ப் பார்த்துவிட்டு வரைபடம் போடுவது நல்லது.

‘நூலக நண்பர்கள்’ திட்டத்தில் தன்னார்வலர்கள் வீடு தேடிப் புத்தகம் கொண்டு போகிறார்கள். முதியோர், கைக்குழந்தைத் தாய்மார், நடக்க முடியாதவர்களுக்கு இது பெரிய உதவி. 1931லேயே மன்னார்குடி அருகே மேலவாசலில் மாட்டு வண்டியில் நூலகம் ஓடிய மண் இது. தன்னார்வலருக்கு நடைமுறைக் குறிப்பு ஒன்று: எந்த வீட்டில் எந்தப் பதிவு எண் புத்தகம் இருக்கிறது என்று அன்றே எழுதிவிட வேண்டும். ‘அப்புறம் எழுதலாம்’ என்று விட்டால் மூன்றாம் வாரம் கணக்கு குழம்பும், நூலகர் அடுத்த முறை புத்தகம் கொடுக்கத் தயங்குவார்.

பார்வைத்திறன் குறைந்தோருக்கு அண்ணா நூற்றாண்டு நூலகத்தின் தரைத்தளத்தில் பிரெய்லி பகுதி இருக்கிறது. மாவட்ட நூலகங்களில் ஒரு கணினியில் திரையில் உள்ளதைக் குரலில் படித்துக் காட்டும் இலவச என்விடிஏ திரைவாசிப்பானும் தமிழ்க் குரலும் நிறுவிவிட்டால் பாதி வேலை முடியும். மீதிப் பாதி கோப்புகளில் இருக்கிறது: பாமினி போன்ற பழைய எழுத்துருவில் செய்த பிடிஎஃப்பைத் திரைவாசிப்பான் பொருளற்ற எழுத்துகளாக வாசிக்கும். ஸ்கேன் செய்த படமாக இருந்தால் வாசிக்கவே வாசிக்காது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் பழைய நூல்கள் ஏராளம், நாட்டுடைமை நூல்கள் உட்பட. பெரும்பாலும் அவை ஸ்கேன் படங்கள் என்பதால் முதலில் எழுத்துணரி மென்பொருளில் போட்டு யூனிகோடு உரையாக்க வேண்டும். பழைய அச்சில் கொம்பு போட்ட ‘லை’, ‘னை’ வரும் இடங்களில் அது தவறும், ஒருவர் ஒப்பிட்டுத் திருத்த வேண்டும். மாற்றுத்திறனாளிகளுக்காக இப்படிப் படி எடுப்பதைப் பதிப்புரிமைச் சட்டத்தின் 2012 திருத்தம் அனுமதிக்கிறது. தயக்கம் வேண்டாம்.

இப்போதே செய்யக்கூடியது

உறுப்பினராகச் சில பத்து ரூபாய்தான் ஆகும்: திரும்பக் கிடைக்கும் காப்புத் தொகையும் சிறு சந்தாவும். முகவரிச் சான்றின் நகலும் புகைப்படமும் கொண்டு போங்கள், ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். பல கிளை நூலகங்களுக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை, ஞாயிறு திறந்திருக்கும். வேலைக்குப் போகிறவர்களுக்கு இது வசதி. 1,000 ரூபாய் கொடுத்தால் நூலகப் புரவலர் ஆகலாம். அதோடு வாசகர் வட்டத்திலும் சேர்ந்துகொள்ளுங்கள். நூலகரின் கோரிக்கை மேலே போகும்போது கூட நிற்க ஆள் வேண்டும்.

எல்லாவற்றையும்விட, பரிந்துரைப் பதிவேட்டைக் கேட்டு வாங்கி எழுதுங்கள். ‘நல்ல நாவல்கள் வேண்டும்’ என்று எழுதினால் ஒன்றும் நடக்காது. நூல் பெயர், ஆசிரியர், பதிப்பகம், பதிப்பாண்டு, விலை, ஐஎஸ்பிஎன் எண், இந்தக் கிளையில் எந்தப் பாகம் இல்லை என்பது வரை எழுதிக் கையெழுத்தும் தேதியும் போட வேண்டும். அதே நூலை இன்னும் நாலைந்து உறுப்பினர்கள் தனித்தனியாக எழுதினால், கொள்முதல் நேரத்தில் நூலகர் எடுத்துக் காட்ட அந்தப் பக்கமே போதும்.