ஆட்டோமேட்டிக் வண்டிக்கு ஆக்ஸில் ஆயில் சீல் மாத்தக் குடுக்கிறதுக்கு முன்னாடி இதைப் படிங்க: 14,600 ரூபாய் போச்சு

450 ரூபாய் ரப்பர் சீல். அதை ரெண்டு பக்கமும் மாத்தித் தர்றதா 14,600 ரூபாய் வாங்கினாங்க. வலது பக்கம் பழைய சீலைத் தொடவே இல்ல. இடது பக்கம் போட்ட புது சீலைக் கிழிச்சு வெச்சிருக்காங்க. கியர் பாக்ஸுக்குள்ள என்ன ஆயில்னே தெரியாத ஒண்ணை, அதுவும் பாதி அளவுக்கு ஊத்தி அனுப்பியிருக்காங்க. நேத்து சாயங்காலம் வேற ஒரு மெக்கானிக் கழட்டிக் காட்டினப்பதான் எல்லாம் வெளிச்சத்துக்கு வந்தது. ஆத்திரம் அடங்கறதுக்குள்ள எழுதிடறேன்.

கோவைக்கு வெளிய, பைபாஸ் ஓரமா இருக்கிற மல்டி பிராண்ட் ஒர்க் ஷாப். பேர் போடல. புகார் குடுக்கப் போறேன், அது ஒரு முடிவுக்கு வரட்டும். வண்டி 4 ஸ்பீடு டார்க் கன்வெர்ட்டர் (எஞ்சின் சக்தியை ஆயில் வழியா கியர் பாக்ஸுக்குக் கடத்தற பகுதி) ஆட்டோமேட்டிக், எஸ்பி-3ங்கிற வகை ஆயில் கேக்கிற கியர் பாக்ஸ்.

கோளாறு உண்மையான கோளாறுதான், அதுல சந்தேகம் இல்ல. இடது முன் சக்கரத்துக்கு உள்பக்கம் சிவப்பா சொட்டு. கியர் பாக்ஸ்லயிருந்து சக்கரத்தைச் சுத்த வைக்கிற தண்டுதான் டிரைவ் ஷாஃப்ட். அதோட உள் முனை கியர் பாக்ஸுக்குள்ள நுழையற இடத்துல ஒரு ஆயில் சீல் இருக்கும். சீலோட உதடு, ஷாஃப்ட்டின் வழவழப்பான பகுதியைச் சுத்திக் கவ்விப் பிடிச்சிருக்கும். உதட்டுக்குப் பின்னாடி மெல்லிசா ஒரு ஸ்பிரிங் வளையம். வருஷக்கணக்கா சூட்டுல கிடந்து ரப்பர் விறைச்சுப் போனா, இல்ல அந்த ஸ்பிரிங் தளர்ந்தா, ஆயில் கசிய ஆரம்பிக்கும். ஷாஃப்ட் ஜாயிண்ட்டை மூடியிருக்கிற ரப்பர் உறை, அதாவது சிவி பூட் கிழிஞ்சா வர்றது கறுப்பா கெட்டியான கிரீஸ், அது வேற. எஞ்சினும் கியர் பாக்ஸும் சேர்ற பெல் ஹவுசிங் அடியிலிருந்து சொட்டினா அது கன்வெர்ட்டர் சீல், அதுக்குக் கியர் பாக்ஸையே இறக்கணும். இது அது ரெண்டும் இல்ல, சாதாரண சைடு சீல். தெரிஞ்ச ஆளுக்கு ஒரு பக்கத்துக்கு ரெண்டு மணி நேர வேலை.

நம்பினது எங்கேன்னு சொல்றேன், ஏன்னா நீங்களும் அதே இடத்துலதான் நம்புவீங்க. அந்த ஒர்க் ஷாப் ஆள் லிஃப்ட்ல வண்டியை ஏத்தி, வெள்ளை டிஷ்யூவால சீல் ஓரத்தை ஒத்தி எடுத்துக் காட்டினார். இளஞ்சிவப்பா ஒரு வட்டம். "பாருங்ணா, இது ஏடிஎஃப், ஆட்டோமேட்டிக் கியர் பாக்ஸ் ஆயில். சீல் போச்சு. ஷாஃப்டைப் பிடிச்சு இழுக்க மாட்டோமுங்ணா, இழுத்தா உள் ஜாயிண்ட் கழண்டுக்கும். லீவர் வெச்சுத்தான் நெம்பி எடுப்போம். வாரத்துக்கு நாலு வண்டி பண்றேன்." சொன்னது அத்தனையும் சரி. வேலையைச் சரியாச் சொல்லத் தெரிஞ்சவர் சரியாத்தான் செய்வார்னு நினைச்சு சாவியைக் குடுத்தாச்சு. ஆறு மாச வாரண்டின்னார். பில்லுல எழுதுங்கன்னு கேட்டதுக்கு "நம்ம கடைங்ணா, எழுதித்தான் ஆகணுமா?"ன்னு சிரிச்சார். 8,000 முன்பணம், எடுக்கும்போது 6,600. ரெண்டும் யுபிஐல போச்சு, கடைக் கணக்குக்கு இல்ல, ஒரு தனி ஆளோட நம்பருக்கு. அப்பவே யோசிச்சிருக்கணும்.

பில்லுன்னு குடுத்தது லெட்டர் பேடு மாதிரி ஒரு துண்டுச் சீட்டு, ஜிஎஸ்டி நம்பர் இல்ல. சீல் ரெண்டு 2,400. ஆயில் 7 லிட்டர் 5,950. ஃப்ளஷ் 2,500. லேபர் 3,750. கூட்டிப் பார்த்தா 14,600.

அந்த 7 லிட்டரைக் கவனிங்க. இந்தக் கியர் பாக்ஸ் மொத்தமாக் கொள்றதே 6 லிட்டர் சொச்சம். டிரெயின் போல்ட்டைக் கழட்டினா 4 லிட்டர்தான் வெளிய வரும், மிச்சம் கன்வெர்ட்டருக்குள்ளயும் கூலர் பைப்லயும் நின்னுடும். மெஷின் மாட்டி ஃப்ளஷ் பண்ணினா, அதாவது பழைய ஆயிலை முழுசாத் தள்ளி எடுத்தா, 7 லிட்டர் போகும், ஒத்துக்கறேன். அந்த ஷெட்டுல அப்படி ஒரு மெஷினே கிடையாது. மூணாவது தடவை போனப்ப மூலை முடுக்கெல்லாம் பார்த்துட்டேன்.

மூணாம் நாள் காலையில தரையில மறுபடி சொட்டு. போன் பண்ணினா, "பழைய ஆயில் கேஸ்ல ஒட்டியிருக்குங்ணா, ஓட ஓடக் காஞ்சிரும்." ஆறாம் நாள், "புது சீல் செட் ஆகணுமுங்ணா, ஒரு 500 கிலோமீட்டர் போகட்டும்." இது சுத்தப் பொய். சரியா உக்காந்த சீல் முதல் நாள்லயே பிடிச்சாகணும். 500 கிலோமீட்டர் ஓடினா சொட்டற சீல் இன்னும் சொட்டும், அவ்வளவுதான். ஒன்பதாம் நாள் நேர்லயே போனேன். லிஃப்ட்ல ஏத்தினாங்க, என்னைப் பார்ட்ஸ் கவுன்ட்டர் பக்கம் உக்காரச் சொன்னாங்க, இருபது நிமிஷத்துல இறக்கி "முடிஞ்சதுங்ணா"ன்னாங்க. பன்னிரண்டாம் நாள் புதுக் கதை: "உங்க ஷாஃப்டே தேஞ்சிருக்கு, எந்த சீல் போட்டாலும் நிக்காது. புது ஷாஃப்ட் 11,000 ஆகும்." அதுக்கப்புறம் போனே எடுக்கல. வாட்ஸ்அப்புல நீல டிக் மட்டும் விழுது. இடையில ஒரு பையன் எடுத்து "ஓனர் ஊர்ல இல்ல"ன்னான். 14,600 ரூபாய் வாங்கும்போது மட்டும் ஓனர் ஊர்லதான் இருந்தார்.

இதுக்குள்ள வண்டியும் மாறிப்போச்சு. காலையில டி-ல போட்டா ரெண்டு மூணு வினாடி கழிச்சுத்தான் பிடிக்குது. பாலம் ஏறும்போது ஆர்பிஎம் மட்டும் எகிறுது, வேகம் ஏறல. ரெண்டுலயிருந்து மூணுக்குப் போறப்ப உடம்பு குலுங்குது. ஆயில் குறைஞ்சா உள்ள இருக்கிற பம்ப் காத்தை இழுக்கும், பிரஷர் விழும், கிளட்ச் தட்டுகள் வழுக்கி எரியும். சொட்டற சீலோட நஷ்டம் தரையில தெரியற கறை அளவுக்கு நிக்காது. கியர் பாக்ஸையே காவு வாங்கும்.

நேத்துக் கழட்டினப்ப வந்த ஆயிலை அளவு ஜாடியில பிடிச்சோம். 2.8 லிட்டர். பில்லுல 7 லிட்டர். நிறமும் எஸ்பி-3 மாதிரி இல்ல. டிரம்முல வர்ற ஏதோ பொது ஏடிஎஃப்பா இருக்கும்னார் மெக்கானிக். எல்லாம் சிவப்புதானேன்னு ஊத்தினா கிளட்ச்சுகளோட உராய்வுத் தன்மை மாறும், வந்த குலுக்கல் அதனாலதான்னார்.

இடது சீலை எடுத்து உள்ளங்கையில வெச்சுக் காட்டினார். புது சீல்தான், ஆனா முகத்துல அளவும் இல்ல, பார்ட் நம்பரும் இல்ல. நல்ல சீல்ல உள் விட்டம், வெளி விட்டம், தடிமன் மூணும் மில்லிமீட்டர்ல பொறிச்சிருக்கும். உதட்டுல ஒரு இடத்துல நகக்கண் அகலத்துக்கு வெட்டு. ஷாஃப்டைத் திரும்ப நுழைக்கும்போது அதோட முனையில இருக்கிற ஸ்ப்ளைன் பல் உதட்டுல உரசி அறுத்திருக்கு. ஸ்பிரிங் வளையம் தன் பள்ளத்தை விட்டு வெளிய வந்து ஒரு பக்கம் தொங்குது. சீல் நேராவும் உக்காரல, மேல் பக்கம் 3 மில்லிமீட்டர் துருத்தி, கீழ் பக்கம் உள்ள போயிருக்கு. சுத்தியலால ஒரு பக்கமாவே தட்டியிருக்காங்க. இதுக்கு மேல, வெளி ஓரம் பூரா எல்லாரும் அனபான்ட்னு சொல்ற சிலிக்கான் கம். ஒன்பதாம் நாள் அந்த இருபது நிமிஷத்துல நடந்த "வேலை" அதுதான். எண்ணெய்ப் பசை இருக்கிற இடத்துல கம் ஒட்டவே ஒட்டாது. ஒட்டினாலும், கசியற இடம் சுத்தற ஷாஃப்டுக்கும் உதட்டுக்கும் நடுவுல இருக்கு, வெளி ஓரத்துல பூசி என்ன பிரயோஜனம்?

வலது பக்கம் பழைய சீல், பழைய மண், பழைய கசடு அப்படியே. ரெண்டு சீலுக்குக் காசு வாங்கினவங்க. "தேஞ்சு போன" ஷாஃப்ட்ல சீல் ஓடற இடத்துல நகத்தை ஓட்டிப் பார்த்தோம், பள்ளமே தட்டுப்படல. பள்ளம் இருந்தா நகம் சிக்கும். 11,000 ரூபாய்க்கு அடுத்த தூண்டில் போட்டிருக்காங்க.

இந்த வேலை எப்படி நடக்கணும்னு எழுதிடறேன், பக்கத்துல நின்னு பார்க்கும்போது உங்களுக்கு உதவும். முதல்ல கசியற இடத்தை பிரேக் கிளீனர் அடிச்சுத் துடைச்சு, 20 கிலோமீட்டர் ஓட்டி, எங்கேயிருந்து ஈரம் கிளம்புதுன்னு உறுதி பண்ணணும். கியர் பாக்ஸ் மேல இருக்கிற பிரீதர், அதாவது உள் அழுத்தம் வெளிய போற துளை, அடைச்சிருக்கான்னும் பார்க்கணும். அது அடைச்சா உள்ள அழுத்தம் கூடி எந்தப் புது சீலையும் கசிய வைக்கும். வண்டி தரையில நிக்கும்போதே, சக்கரத்தோட நடுவுல ஷாஃப்டைப் பிடிச்சிருக்கிற ஹப் நட்டைத் தளர்த்தணும். அப்புறம் ஆயிலை இறக்கி, வந்த அளவைக் குறிச்சு வைக்கணும். லோயர் பால் ஜாயிண்ட்டைப் பிரிச்சு, பிளாஸ்டிக் சுத்தியலால ஷாஃப்டை ஹப்புலயிருந்து தள்ளி, உள் ஜாயிண்ட்டுக்கும் கேஸுக்கும் நடுவுல லீவர் கொடுத்து நெம்பி எடுக்கணும். ரெண்டு பக்க ஷாஃப்டையும் ஒரே நேரத்துல உருவக் கூடாது. சில கியர் பாக்ஸ்ல டிஃபரென்ஷியல் சைடு கியர் உள்ள நகந்துரும், அப்புறம் ஷாஃப்ட் ஏறாது.

பழைய சீலை எடுக்கும்போது அலுமினியக் குழியில கீறல் விழக் கூடாது, விழுந்தா அது வழியா வெளி ஓரத்துல கசியும். எடுக்கிறதுக்கு முன்னாடி எவ்வளவு ஆழத்துல உக்காந்திருந்ததுன்னு அளக்கணும். சில வண்டிகள்ல இடது சீல் வேற, வலது சீல் வேற. சுழல் திசைக்கு ஏத்தபடி உதட்டுல வரி இருக்கும், மாத்திப் போட்டா ஆயிலை வெளிய தள்ளும். புது சீல் உதட்டுல அதே ஏடிஎஃப்பைத் தடவி, சீலோட வெளி விட்டத்துக்குச் சமமான தட்டையான சீல் டிரைவர்ங்கிற கருவியை வெச்சு, சுத்தி சுத்திச் சமமா அடிச்சு அதே ஆழத்துல நிறுத்தணும்.

இனி வர்றதுதான் இந்த வேலையோட உயிர். ஷாஃப்டை உள்ள விடும்போது அதோட முழு கனத்தையும் கையில தாங்கணும், ஸ்ப்ளைன் பல் உதட்டுல படவே கூடாது. நல்ல கிட்ல மெல்லிசா ஒரு பிளாஸ்டிக் உறை வரும், அதை மாட்டிட்டு நுழைச்சு, ஸ்ப்ளைன் தாண்டினதும் உருவிக்கலாம். முனையில இருக்கிற சர்க்ளிப், அதாவது ஷாஃப்ட் வெளிய வராம பிடிக்கிற கம்பி வளையம், புதுசா இருக்கணும். உள்ள போனதும் 'டக்'குனு கேக்கும். உள் ஜாயிண்ட்டைப் பிடிச்சு லேசா இழுத்தா வரக் கூடாது. ஹப் நட்டும் புதுசு. வண்டியைப் பொறுத்து 200 நியூட்டன் மீட்டரை ஒட்டியோ அதுக்கு மேலயோ டார்க் ரெஞ்ச்சால முறுக்கணும். இம்பாக்ட் கன்னால அடிச்சு விட்டா வீல் பேரிங் போயிடும். அவங்க பழைய நட்டையே உளியால அடிச்சு மாட்டியிருந்தாங்க.

ஆயில் இறக்கின அளவுக்கு ஊத்திட்டு நிறுத்திடக் கூடாது, கசிஞ்சு போனதையும் சேர்க்கணும். எங்க வண்டியில எஞ்சின் ஐடில்ல ஓடணும், ஆயில் 70–80 டிகிரி சூடாகணும், எல்லாக் கியரையும் ஒரு தடவை போட்டு எடுத்துட்டு டிப் ஸ்டிக்ல 'ஹாட்' குறியைப் பார்க்கணும். எல்லா வண்டிக்கும் இது பொருந்தாது. ஹோண்டா டிப் ஸ்டிக் வண்டிகள்ல எஞ்சினை அணைச்சு 60–90 வினாடிக்குள்ள பார்க்கணும். டிப் ஸ்டிக்கே இல்லாத வண்டியும் உண்டு, மேனுவலைப் பாருங்க. அதிகமா ஊத்தினாலும் ஆபத்து, நுரைச்சுட்டு பிரீதர் வழியா வெளிய தள்ளும், சீல் கசியுதுன்னு மறுபடி காசு கேப்பாங்க. கியருக்குப் பதிலா பெல்ட்ல ஓடற சிவிடி வண்டிக்கு அதுக்கான சிவிடி ஆயில் மட்டும்தான். மேனுவல் கியர் பாக்ஸ்லயே கியர் தானா மாறற ஏஎம்டி வண்டின்னா உள்ள இருக்கிறது மேனுவல் கியர் ஆயில், அதுக்கு யாராவது ஏடிஎஃப் பில் போட்டா அங்கேயே சாவியை வாங்கிட்டு வந்துடுங்க.

எங்க வண்டிக்கு இப்போ ஒரிஜினல் சீல் ரெண்டும் போட்டாச்சு. தப்பான ஆயில் கன்வெர்ட்டர்ல இன்னும் நிக்குது. ஒரு தடவை இறக்கி ஊத்தினா பாதிக்கு மேலதான் மாறும், அதனால கொஞ்சம் ஓட்டிட்டு இன்னொரு தடவை இறக்கணும். இதுக்கு 7,300 தனிச் செலவு. குலுக்கல் முழுசாப் போகுமான்னு மெக்கானிக்கே உறுதி குடுக்கல. 14,600 குடுத்து வாங்கின நோய் இது.

நிறைய எழுதணும்னு உக்காந்தேன், இப்போதைக்கு அவசரமா இவ்வளவுதான். பழைய சீல் கையில வராம பாக்கிக் காசைக் குடுக்காதீங்க. ஆயில் டப்பா உங்க கண் முன்னாடி சீல் உடையணும், காலி டப்பாக்களை எண்ணி வாங்குங்க. வாரண்டி எழுத்துல இல்லைன்னா இல்லவே இல்ல. தனி ஆள் நம்பருக்குப் பணம் அனுப்பாதீங்க. மறுபடி கசிஞ்சா, துடைக்கிறதுக்கு முன்னாடி தேதியோட போட்டோ எடுங்க.

புகாருக்கு தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. மாவட்ட நுகர்வோர் ஆணையத்துல 5 லட்சம் வரைக்கும் கட்டணம் கிடையாது, ரெண்டு வருஷத்துக்குள்ள போடணும். கிழிஞ்ச சீல், அந்தத் துண்டுச் சீட்டு, யுபிஐ ரசீது ரெண்டு, 2.8 லிட்டர் ஜாடியோட போட்டோ எல்லாம் ஒரு கவர்ல போட்டு எடுத்து வெச்சாச்சு. நாளைக்குக் காலையில வேலை அதுதான்.