நவாரோ என்ற பெயரைத் தேடியபோது: ஸ்பெயின் அரசின் இலவசக் குடும்பப்பெயர் வரைபடம்

ஸ்பெயினின் தேசியப் புள்ளியியல் நிறுவனம் தன் இணையதளத்தில் குடும்பப்பெயர் தேடல் ஒன்றை வைத்திருக்கிறது. காசு இல்லை, பதிவு செய்யவும் வேண்டாம். பெயரைத் தட்டினால் அதை முதல் குடும்பப்பெயராக வைத்திருப்பவர்கள் எத்தனை பேர், இரண்டாவதாக வைத்திருப்பவர்கள் எத்தனை பேர், இரண்டுமே அதுவாக அமைந்தவர்கள் எத்தனை பேர் என்று காட்டும். அங்கே ஒவ்வொருவருக்கும் அப்பா வழியில் ஒன்று, அம்மா வழியில் ஒன்று என இரண்டு குடும்பப்பெயர்கள். கல்யாணத்துக்குப் பிறகும் பெண்கள் தங்கள் பெயரை மாற்றிக்கொள்வதில்லை. அப்புறம் மாகாணவாரியாக வண்ண வரைபடம். நான் அதிக நேரம் செலவிட்டது அதில்தான்.

என் மாப்பிள்ளை முர்சியாக்காரர். குடும்பப்பெயர் நவாரோ, அதாவது நவார்ரா நாட்டவர். முன்பு தனி அரசாக இருந்த நவார்ரா இருப்பதோ ஸ்பெயினின் வடக்கே, பிரெஞ்சு எல்லையில், பிரனீஸ் மலையை ஒட்டி. முர்சியா தென்கிழக்குக் கடலோரம். சம்பந்தி வீட்டுக் கூடத்தில், கல்யாணப் பரிசாக வந்த அலங்காரத் தாள் ஒன்று சட்டம் போட்டு மாட்டியிருக்கிறது. நினைவுப்பொருள் கடைச் சரக்கு. மேலே கேடயச் சின்னம். கீழே, நவாரோக்கள் எல்லோரும் ஒரே பிரபு வம்சத்தினர் என்று நாலு வரி. அழகாகத்தான் இருக்கிறது, ஆனால் விஷயம் தவறு. கேடயச் சின்னம் குறிப்பிட்ட ஒரு வம்சத்துக்கு உரியது, பெயருக்கு உரியதல்ல. ஊரை வைத்து வந்த பெயர், ஒருவருக்கொருவர் உறவே இல்லாத எத்தனையோ குடும்பங்களில் ஒட்டிக்கொண்டிருக்கும்.

வரைபடம் அந்தத் தாளைவிட நேர்மையானது. நவாரோ என்று போட்டால் முர்சியா, அதை ஒட்டிய அல்பசெத்தே மாகாணம் பக்கம்தான் நிறம் அடர்த்தியாகத் தெரிகிறது. யோசித்தால் காரணம் புரியும். நவார்ராவுக்குள் ஒருவனை 'நவார்ராக்காரன்' என்று கூப்பிட்டு என்ன அடையாளம் கிடைக்கும்? வெளியூர் போனவனுக்குத்தான் அந்தப் பெயர் உதவும். 1238-இல் வடகிழக்கே இருந்த அரகோன் அரசின் மன்னர் முதலாம் ஹைமே, முஸ்லிம் ஆட்சியில் இருந்த வலென்சியா நகரைப் பிடித்தார். 1243-இல் முர்சியாவின் முஸ்லிம் அரசு, காஸ்தீல் என்ற கிறிஸ்தவ அரசின் மேலாட்சியை ஏற்றது. பிறகு அங்கு எழுந்த கலகத்தை 1266-இல் அடக்கியதும் அதே ஹைமேதான். பிடித்த நிலங்களைப் பங்கிட்டுக் கொடுத்துக் குடியேற்றியபோது வடக்கிலிருந்து பல நாட்டாரும் வந்தார்கள். நவார்ராக்காரர்களும் அவர்களில் உண்டு.

இதையே உறுதி செய்துகொள்ள கோஞி என்று தேடிப் பாருங்கள். அது நவார்ராவில் உள்ள ஒரு சிற்றூர். இந்தப் பெயர் நவார்ராவிலேயே அடர்ந்து கிடக்கிறது. சின்ன ஊரின் பெயருக்குப் பக்கத்து ஊரிலேயே வேலை உண்டு; நாட்டின் பெயருக்கு எல்லை தாண்ட வேண்டும். ஊர்ப் பெயரின் முதலெழுத்தை இனிஷியலாகப் போடும் நமக்கு இது சட்டென்று விளங்கும். நான் தாலுகா அலுவலகத்தில் பதிவேடுகளோடு வாழ்ந்தவன்; இரண்டு வரைபடங்களையும் அடுத்தடுத்துப் பார்த்தபோது எனக்கு உண்மையிலேயே மனம் நிறைந்தது.

பார்க்கும்போது ஒரு கவனம் தேவை. வெறும் எண்ணிக்கையைப் பார்த்தால் மாட்ரிட்டும் பார்சலோனாவும் முன்னால் வந்து நிற்கும். பிழைப்பு தேடி எல்லோரும் போன இடங்கள் அவை. ஆயிரத்துக்கு எத்தனை பேர் என்ற விகிதத்தைப் பாருங்கள். வசிக்கும் மாகாணத்தை விட்டுப் பிறந்த மாகாணத்தைத் தேர்ந்தெடுத்தால் படம் இன்னும் தெளிவாகும்.

குறைகளும் உண்டு. பெயர் எங்கிருந்து வந்தது, என்ன பொருள் என்று ஒரு வரிகூட இந்தத் தளம் சொல்லாது. அதை நாம்தான் வேறெங்காவது தேட வேண்டும். இன்றைய மக்கள்தொகை மட்டும்தான், பழைய ஆண்டுகளோடு ஒப்பிட வழியில்லை. மிகச் சிலரே வைத்திருக்கும் பெயர்களைத் தனியுரிமை கருதிக் காட்டுவதில்லை. பாஸ்போர்ட்டில் மகளுக்குக் குடும்பப்பெயராக இருப்பது என் பெயர். அதுவே பேரனுக்கு இரண்டாவது குடும்பப்பெயர். தேடினால் அது வராது. சரிதான், அந்த விதி நியாயமானதே.

பெயரின் பரவலை அறிய இதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியவில்லை. சொந்த வம்சாவளி வேண்டுமானால், 1871 முதல் நடந்துவரும் குடிமைப் பதிவேட்டைப் பாருங்கள். அதற்கும் முன்னால் போக, தாத்தா பாட்டி ஞானஸ்நானம் பெற்ற ஊர்த் தேவாலயத்தின் பதிவேட்டைக் கேளுங்கள். கடைத் தாளுக்குக் கொடுக்கும் காசை அந்த ஊருக்குப் போக பஸ் டிக்கெட்டுக்குச் செலவழிக்கலாம்.