'நோய் தாங்கும் நாற்று' என்றால், எந்த நோயைத் தாங்கும் என்று கேளுங்கள்

தைலமரத் தோட்டம் போட எண்ணியிருப்பவர்கள் நாற்றுக்கு முன்பணம் கொடுப்பதற்கு முன் படித்துவிட வேண்டும் என்பதற்காகவே இதை எழுதுகிறேன். நாற்றுப்பண்ணையின் பெயரைக் குறிப்பிடப் போவதில்லை. ஏமாற்றப்பட்ட விதம்தான் முக்கியம். அது எந்தப் பண்ணையிலும் நடக்கக்கூடியது.

முழுத் தோட்டத்துக்கும் ஒரே குளோனின், அதாவது ஒரே தாய்மரத்திலிருந்து அச்சு அசலாகப் பெருக்கிய வகையின், நாற்றுகளை வாங்கினேன். இலைநோயைப் பற்றிக் கவலையே வேண்டாம் என்று வாயால் உறுதி கொடுத்ததோடு நில்லாமல், விலைப்பட்டியலிலும் 'நோய் எதிர்ப்புத் திறன் உடையது' என்று அச்சிட்டிருந்தார்கள். நாற்றுகள் வந்திறங்கியபோது ஒவ்வொன்றிலும் அடியிலைகள் கிள்ளப்பட்டு, தண்டின் கீழ்ப்பாதி மொட்டையாக இருந்தது. வழியில் நாற்று வாடாமல் இருக்க அப்படிச் செய்வது வழக்கம் என்றார்கள். கிள்ளியதற்குச் சொன்ன காரணம் பொருத்தமாகவே பட்டதால் நானும் மேற்கொண்டு கேட்கவில்லை. இதில் என் தவறு என்று ஒன்று உண்டென்றால் அதுதான்.

மரங்கள் ஆளுயரத்தைத் தாண்டிய பருவத்தில் மழை விடாமல் பெய்தது. தரையை ஒட்டிய கிளைகளின் இலைகளில் நீர் கோத்தது போன்ற சாம்பல் நிறப் புள்ளிகள் தோன்றின. சில நாட்களுக்குள் அவை ஒன்றோடொன்று கூடி, இலை முழுவதும் பழுப்பாகக் கருகி உதிரத் தொடங்கியது. உதிர்வு கீழிருந்து மேலாக ஏறிக்கொண்டே போக, மழை ஓய்ந்தபோது பல மரங்களின் உச்சியில் ஒரு கொத்து இலை மட்டுமே மிஞ்சியிருந்தது.

பண்ணையிலிருந்து வந்து பார்த்தவர், இலையைத் திருப்பிக்கூடப் பார்க்காமல் துரு நோய் என்று சொல்லிவிட்டு, கையோடு கொண்டுவந்த பூசணக்கொல்லியையும் விற்றுவிட்டுப் போனார். அடுத்தடுத்து மூன்று முறை மூன்று பெயர்களில் மருந்து வந்தது. சிட்டையைப் படித்துப் பார்த்தால் அவற்றில் இரண்டு வெறும் மான்கோசெப். அது இலையின் மேல் படிந்து, புதிதாக விழும் பூசண வித்து (நோயைப் பரப்பும் நுண்துகள்) முளைக்காமல் காக்கும் மருந்தே தவிர, உள்ளே புகுந்துவிட்ட பூசணத்தைக் குணப்படுத்தும் மருந்தன்று. அதையும் மழைக்கு நடுவே தெளிக்கச் சொன்னார்கள். வளர்ந்த மரத்தின் இலைத்தொகுதி முழுவதும் கைத்தெளிப்பான் எட்டுமா என்பதை அவர்களும் யோசிக்கவில்லை, பதற்றத்தில் நானும் யோசிக்கவில்லை.

பிறகுதான் இலைகளைத் தாவர நோயியல் ஆய்வகத்துக்குக் கொடுத்தேன். கலோனெக்ட்ரியா இலைக்கருகல் என்று முடிவு வந்தது. பழைய நூல்களில் இதே பூசணம் சிலிண்ட்ரோகிளாடியம் என்ற பெயரில் இருக்கும். துரு நோய்க்கும் இதற்கும் தொடர்பே இல்லை. பிரேசிலில் கொய்யா மரத்தில் கண்டு 1884இல் விவரிக்கப்பட்டு, 2010இல் ஆஸ்திரேலியாவிலும் கண்டறியப்பட்ட அந்தத் துரு, இளந்தளிரில்தான் மஞ்சள் பொடியாகப் பூக்கும். முற்றிய அடியிலையில் தொடங்காது. சுமத்ராவில் 1995இல் முதலில் காணப்பட்ட டெரடோஸ்பேரியா டிஸ்ட்ரக்டன்ஸ் என்ற இன்னொரு இலைநோய்ப் பூசணமோ இலையின் அடிப்புறத்தில் கரி பூசியதுபோல் வித்துகளைக் கசியவிடும். இலையைத் திருப்பிப் பார்க்கத் தெரிந்த ஒருவர் இந்த மூன்றையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்ள வழியில்லை.

கலோனெக்ட்ரியா மழைத்துளி தெறித்துப் பரவுவதால், மண்ணுக்கு அருகிலுள்ள இலைகளைத்தான் முதலில் பிடிக்கும். நெருக்கமாக அடுக்கிய குழித்தட்டுகளும், தலைக்கு மேலிருந்து ஓயாமல் தெளிக்கும் நீரும் உள்ள நாற்றங்கால் அதற்கு மிகவும் தோதான இடம். அடியிலைகள் ஏன் கிள்ளப்பட்டன என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. நாற்றங்காலில் புள்ளி இருந்ததற்கு என்னிடம் சான்று இல்லை. சான்றாக இருந்திருக்கக்கூடிய இலைகள் கிள்ளி எறியப்பட்டுவிட்டன.

'நோய் எதிர்ப்பு' என்ற சொல்லின் கதை இதைவிட மோசம். அந்தக் குளோனின் சோதனை விவரத்தைக் கேட்டு, பலமுறை வற்புறுத்திய பிறகு ஒரு தாள் வந்தது. அதில் சோதித்திருந்தது லெப்டோசைப் இன்வேசா என்ற சிறு குளவியை இந்தக் குளோன் தாங்குமா என்பதைத்தான். இலைக்காம்பிலும் நடுநரம்பிலும் முட்டையிட்டு, முடிச்சு முடிச்சாக வீங்க வைக்கும் பூச்சி அது. பூசணத்தைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. பூச்சியைத் தாங்கும் மரம் பூசணத்தையும் தாங்க வேண்டிய கட்டாயம் ஏதுமில்லை; ஒரு பூசணத்தைத் தாங்கும் குளோன் இன்னொன்றுக்கு இலக்காவதும் உண்டு.

ஆகவே, எந்த நோய்க்கிருமியின் பெயரைச் சொல்லி, எத்தகைய மழைச் சூழலில் சோதித்தார்கள் என்பதை எழுத்தில் வாங்காமல் பணம் கொடுக்காதீர்கள். அடியிலையோடு இருக்கும் நாற்றையே கேளுங்கள். புள்ளி தெரிந்தால் இலையை ஈரத்தாளோடு பிளாஸ்டிக் பையில் கட்டி ஓரிரு நாள் வையுங்கள். கலோனெக்ட்ரியாவாக இருந்தால் புள்ளியின்மேல் வெண்ணிறமாக மினுங்கும் வித்துத் தொகுதி பெரும்பாலும் எழும்பிவிடும், ஆய்வகத்துக்கு அனுப்ப அந்த இலையே நல்ல மாதிரி. பல குளோன்களைப் பகுதி பகுதியாகப் பிரித்து நட்டிருந்தால் என் தோட்டத்திலும் ஏதேனும் ஒரு பகுதி தப்பியிருக்கும்.

இழப்பீடு கேட்டேன். காய்ந்த மரங்களின் இடத்தில் நடுவதற்கு அதே குளோனின் நாற்றுகளை இலவசமாகத் தருவதாகச் சொன்னார்கள். இந்தப் பூசணம் கருநிற நுண்மணிகளாக உதிர்ந்த சருகிலும் மண்ணிலும் ஆண்டுக்கணக்கில் தங்கக்கூடியது என்று ஆய்வகத்தில் சொல்லியிருந்தார்கள். இருந்தாலும் நாற்றுகளைப் பார்த்துவிடலாம் என்று போனேன். குழித்தட்டுகளில் வரிசையாக அடுக்கி வைத்திருந்த அந்த நாற்றுகளிலும் அடியிலைகள் கிள்ளப்பட்டிருந்தன.