அலுகோசு ஒருவரா, ஐந்து துப்பாக்கிகளா?

கல்லடிப் பாலத்தில் நின்று நண்பனோடு இதைத்தான் பேசினோம். நம் இலங்கையில் நீதிபதி மரண தண்டனைத் தீர்ப்பெழுதி, ஜனாதிபதி கையெழுத்து வைத்தாலும், கடைசியில் பாரம் முழுவதும் தூக்குமரத்தின் நெம்புகோலை இழுக்கும் அலுகோசு என்ற ஒரே ஆளின் கையில்தான் வந்து விழும். 1976க்குப் பிறகு யாரையும் தூக்கிலிடவில்லை, ஆனாலும் 2014இல் அந்த வேலைக்கு வந்த ஒருவர் தூக்குமரத்தைக் கண்டதுமே அதிர்ந்துபோய் விலகிவிட்டார்.

அமெரிக்காவின் யூட்டாவில் 2010இல் ஒரு மரண தண்டனைக் கைதியை ஐந்து பேர் சேர்ந்து சுட்டார்கள், ஒரு துப்பாக்கியில் மட்டும் வெற்றுத் தோட்டா; அது யாருடையது என்று சுட்டவர்களுக்கே தெரியாது.

சரி, அது பாரத்தைக் குறைக்குமா? ‘என் குண்டாக இருக்காது’ என்று இரவெல்லாம் தனக்கே சொல்லிக்கொள்ள வேண்டியிருப்பது எனக்கு இன்னும் கொடுமையாகப் படுகிறது. இரண்டில் எது பரவாயில்லை என்று நண்பன் விடாமல் கேட்டான். இரண்டுக்கும் என் கை வராது என்றேன்.