சண்முகம் செட்டியாரைப் படிக்க ஓர் எல்லையோர வாயனசாலை

கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறைப் பக்கத்தில் உள்ள எங்கள் வாயனசாலையில் (நூலகத்தை இங்கே அப்படித்தான் சொல்வோம்) தமிழ் நூல்கள் மலையாள நூல்களில் கால்பங்குகூட இருக்காது. ஆனாலும் ஆர்.கே. சண்முகம் செட்டியாரைப் பற்றி அறிய விரும்புவோரை நான் முதலில் அங்கேதான் அனுப்புவேன்.

1892-இல் கோவையில் பிறந்த அவர், 1935 முதல் 1941 வரை கொச்சி சமஸ்தானத்தின் திவானாக இருந்தார். எங்கள் வட்டமான சித்தூர் அன்று அந்தச் சமஸ்தானத்தைச் சேர்ந்தது என்பதால், எங்கள் முன்னோர் அவருடைய நிர்வாகத்தின்கீழ் வாழ்ந்தவர்கள். கொச்சித் துறைமுகத்தின் வளர்ச்சியையும், சட்டசபைக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்ட அமைச்சர் ஒருவருக்கு 1938-இல் சில துறைகளை ஒப்படைத்த ஆட்சி மாற்றத்தையும் இங்குள்ள மலையாள வரலாற்று நூல்கள் விரிவாகச் சொல்கின்றன. தமிழ் அலமாரியில் கிடைப்பது அவருடைய பிற்கால வாழ்க்கை: சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சராக 1947 நவம்பர் 26 அன்று அவர் தாக்கல் செய்த வரவு செலவுத் திட்டம், தமிழிசை இயக்கத்தில் அவர் ஆற்றிய பணி, அண்ணாமலைப் பல்கலைக்கழகத் துணைவேந்தர் பொறுப்பு. இவ்விரண்டையும் ஒரே கூரையின்கீழ் வைத்துப் படிக்க முடிவது எல்லையோர ஊருக்கே வாய்த்த பேறு.

குறையும் உண்டு, அது சிறியதன்று. நூற்பட்டியலில் அவர் பெயரைத் தேடினால் பொருளியல் வரிசைக்கு மட்டுமே வழி காட்டுகிறது. சிலப்பதிகாரத்தின் புகார்க் காண்டத்துக்கு அவர் எழுதிய உரை காப்பிய வரிசையில் தனித்துக் கிடக்கிறது. அந்த முதல் வரவு செலவுத் திட்டத்தில் ஏழரை மாதங்களுக்கு 171.15 கோடி ரூபாய் வருவாயையும் 197.39 கோடி செலவையும் கணக்கிட்டு, பிரிவினையின் நெருக்கடிக்கிடையே பாதுகாப்புக்கு மட்டும் 92.74 கோடியை ஒதுக்க வேண்டியிருந்த ஒருவர், வணிகர்களின் நகரமான புகாரை எப்படிப் படித்திருப்பார் என்ற கேள்வி, இரண்டு நூல்களும் கையில் இருந்தால்தான் வாசகருக்கு எழும். அவரை நிதியமைச்சராக மட்டும் அறிந்து திரும்பும் மாணவருக்குப் பெரிய இழப்பு நேர்கிறது என்றே கருதுகிறேன்.

இந்தக் குறையை இப்போது ஈடுசெய்பவர் நூலகர் அம்மாதான். இரு மொழியும் நன்கு அறிந்த அவர், கேட்டவுடன் மூன்று அலமாரிகளிலிருந்தும் நூல்களை எடுத்து ஒரே மேசையில் வைத்துவிடுகிறார். மலையாளம் வாசிக்கத் தெரியாதவர்களுக்குத் தேவையான பத்திகளைப் பொறுமையாகப் படித்துத் தமிழில் சொல்கிறார். அவர் விடுப்பில் இருக்கும் நாட்களில் அந்த வசதி இல்லை. ஒவ்வொரு வரிசையிலும் மற்ற இரண்டைக் குறிப்பிடும் ஓர் அட்டையைச் செருகி வைக்குமாறு நிர்வாகக் குழுவை வேண்டிக் கேட்டுக்கொள்கிறேன். அதற்குச் செலவு ஏதும் இல்லை.

சிலப்பதிகார உரைநூலை இரவல் தருவதில்லை, அங்கேயே அமர்ந்துதான் படிக்க வேண்டும். பழைய தாள் என்பதால் நகலெடுக்கவும் அனுமதியில்லை. ஆகவே குறிப்பேட்டுடன், மாலைக் கூட்டம் சேருவதற்கு முன்பே செல்வது நல்லது.